ஏழாம் நம்பருக்கு ஒரு பொட்டு

சண்முகத்தாய் பேசினால் தெருக்கோடி வரைக்கும் கேட்கும். புதிதாகக் குடிவந்தவர்கள், இந்தப் பொம்பளை யாரோடு இப்படிச் சண்டை போடுகிறாள் என்று கதவைத் திறந்து எட்டிப் பார்ப்பார்கள். அவள் கீரைக்காரியிடம் விலை கேட்டுக்கொண்டிருப்பாள். சத்தம் போடுகிறோம் என்பதே அவளுக்குத் தெரியாது. கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே ராஜபாளையத்தில் ஒரு நூல் மில்லில் ரிங் ஃபிரேம் ஓட்டுகிறவள். வரிசை வரிசையாகக் கதிர்கள் ஒரே சமயத்தில் சுற்றி நூல் நூற்கிற மிஷின் அது. அதன் பக்கத்தில் நின்று பழகிய தொண்டைக்கு மெதுவாகப் பேச வராது.

"ஒங்கிட்ட ரகசியம் சொல்லுததும் மைக்செட்டு வச்சுச் சொல்லுததும் ஒண்ணுதான் தாயி" என்பார் அவள் வீட்டுக்காரர் சிவபாண்டி. அவரும் அதே மில்லில் ஃபிட்டர். மிஷின் பழுதானால் சரி பண்ணுகிறவர். சுந்தரபாண்டியத்திலிருந்து மில் பஸ்ஸில் வேலைக்கு வந்துகொண்டிருந்த சண்முகத்தாயின் ஏழாம் நம்பர் மிஷின் அடிக்கடி பழுதாக ஆரம்பித்ததும், அதைப் பார்க்க இவரே ஓடி வந்ததும், மிஷினில் ஒரு கோளாறும் இல்லை என்பது கடைசியில் மேஸ்திரிக்குத் தெரிந்துபோனதும் பழைய கதை. கல்யாணத்துக்குப் பிறகும் ஏழாம் நம்பர் அவள் கையில்தான் இருந்தது. சிவபாண்டி மற்ற மிஷின்களைச் சத்தம் மாறினால்தான் வந்து பார்ப்பார். ஏழாம் நம்பரைச் சத்தம் மாறாவிட்டாலும் வந்து பார்ப்பார்.

அந்த இரைச்சலுக்குள் யாரும் வாயால் பேசிக்கொள்ள முடியாது. கையும் உதடும்தான் பேச்சு. பக்கத்து எட்டாம் நம்பரில் நின்ற ஈஸ்வரியும் சண்முகத்தாயும் அப்படியே ஊர்க்கதை பூராவும் பேசி முடித்திருக்கிறார்கள். சுண்டுவிரலைத் தூக்கிக் காட்டினால், 'இழை அறுந்துபோச்சு, வந்து பிடி' என்று அர்த்தம். ஈஸ்வரி வயதில் இளையவள். அவள் வீட்டுக்காரர் பாண்டிதுரை பட்டாளத்தில் இருந்தார். அவர் லீவில் வருகிற சேதியை ஈஸ்வரி முதலில் சொல்வது மாமியாருக்கு அல்ல, எதிரே நிற்கிற சண்முகத்தாய்க்குத்தான்.

இன்னொரு விளையாட்டும் உண்டு. புருஷன் பேரை வாய்விட்டுச் சொல்லக் கூடாது என்று வளர்ந்தவள் சண்முகத்தாய். ரேஷன் கடையில் கேட்டால்கூட மகளைச் சொல்லச் சொல்வாள். அப்படிப்பட்டவள், சிவபாண்டி முதுகைக் காட்டிக் குனிந்து போல்ட்டு முடுக்கிக்கொண்டிருக்கும்போது, தொண்டை கிழியக் கத்துவாள்: "ஏலேய் சிவபாண்டி!" இரண்டடி தூரத்தில் இருக்கிற மனுஷனுக்கு ஒரு எழுத்தும் கேட்காது. உதட்டைப் படித்த ஈஸ்வரி மட்டும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள். சிவபாண்டி திரும்பிப் பார்த்து, "என்ன?" என்று கையை அசைப்பார். ஒன்றுமில்லை என்று இவளும் கையை அசைப்பாள். உலகத்திலேயே அவர் பேரை அவள் சொல்ல முடிந்த இடம் ஏழாம் நம்பர் மிஷினின் பக்கம்தான்.

இனி அந்த மில்லின் வழக்கம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். ஆயுத பூசையன்று மிஷினை நிறுத்தி, பஞ்சு போகத் துடைத்து, மாவிலை கட்டுவார்கள். ஆபீஸ் ரூமில் பூசை செய்ய ஐயர் வருவார். மிஷினுக்குப் பொட்டு வைப்பது மட்டும் ஐயர் இல்லை, அதை ஓட்டுகிறவள். பொட்டு வைத்துச் சூடம் காட்டிச் சுவிட்சைப் போடுகிற கைக்குத்தான் அந்த வருஷம் மிஷின் அடங்கி ஓடும் என்பது நம்பிக்கை. நம்பிக்கை மெல்ல மெல்ல நடைமுறையும் ஆகிவிட்டது. இந்த வருஷம் எந்த மிஷின் யாருக்கு என்று கேட்டால், பொட்டு வைத்தது யார் என்றுதான் சூப்பர்வைசரே கேட்பார்.

ஏழாம் நம்பருக்கு வைத்து முடித்ததும் சிவபாண்டி தன் ஸ்பேனரை நீட்டுவார். "இதுக்கும் ஒண்ணு வையி. இது இல்லாட்டி ஒன் மிஷின் ஓடிருமோ?" விரலில் மிச்சம் இருக்கிற குங்குமத்தை ஸ்பேனரில் வைப்பாள். ஒரு வருஷமும் தவறியதில்லை.

ஒரு புரட்டாசி முதல் சனிக்கிழமை, ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்தில் இருக்கிற திருவண்ணாமலைக்குப் போய்ப் பெருமாளைக் கும்பிட்டுவிட்டு மலைப்படி இறங்கி வந்த சிவபாண்டி, செருப்பைத் தேடிக் குனிந்தவர் அப்படியே உட்கார்ந்தார். ஸ்ரீவில்லிபுத்தூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போவதற்குள் முடிந்துவிட்டது. பதினாறாம் நாள் காரியம் கழிந்து சண்முகத்தாய் வேலைக்கு வந்த கொஞ்ச நாளில் ஆயுத பூசை வந்தது. துட்டி என்கிற சாவுத் தீட்டு விழுந்த வீட்டில் வருஷம் திரும்பும் வரைக்கும் நல்லது பொல்லாதது எதையும் கையால் செய்ய மாட்டார்கள். யாரும் சொல்லாமலே அவளாக ஒதுங்கி நின்றாள். "ஏட்டி ஈஸ்வரி, இந்த வருசம் நீ வச்சுரு. எனக்குத் துட்டி" என்றாள். ஈஸ்வரி அழுதுகொண்டே எட்டுக்கும் வைத்தாள், ஏழுக்கும் வைத்தாள். மறுநாள் முதல் ஏழாம் நம்பரைச் சண்முகத்தாய் பழையபடி ஓட்டினாள். யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

வருஷம் திரும்பியது. தெவசம் கொடுத்து முடித்தாயிற்று. இரண்டாம் ஆயுத பூசைக்குச் சண்முகத்தாய் தலைக்குக் குளித்து, சிவபாண்டி எடுத்துக் கொடுத்திருந்த கத்தரிப்பூச் சேலையைக் கட்டிக்கொண்டு போனாள். மாவிலையைத் தானே கட்டினாள். பொட்டு வைக்கத் தட்டுக்குக் கையை நீட்டியபோது, சூப்பர்வைசர் தங்கப்பாண்டியன் தட்டைக் கொஞ்சம் பின்னால் இழுத்துக்கொண்டார்.

"நீங்க எதுக்கும்மா செரமப்படுதிய? போன வருசம் மாதிரி ஈஸ்வரியே வைக்கட்டும்."

"போன வருசம் துட்டி சார். இப்பந்தான் வருசம் திரும்பிருச்சுல்லா?"

"அதுக்கில்லம்மா. நல்ல நாளும் அதுவுமா… நாலு பேரு நாலு விதமாப் பேசுதாக."

"எந்த நாலு பேரு சார்? பேரச் சொல்லுங்க."

மிஷின்கள் நின்றிருந்தன. அவள் குரல் மில் முழுக்கக் கேட்டது. தங்கப்பாண்டியன் தட்டை இன்னும் இறுக்கிப் பிடித்தார். அவர் கெட்டவர் இல்லை. எந்தப் பிரச்சினையும் தன் ஷிப்டு முடிகிற வரைக்கும் வெடிக்காமல் இருந்தால் போதும் என்று நினைக்கிற ஜாதி. அப்படிப்பட்டவர்களால் நடக்கிற அநியாயம் கெட்டவர்களால் நடப்பதைவிட அதிகம். அவள் தட்டைப் பிடித்தாள். அவர் விடவில்லை. தட்டு சாய்ந்து குங்குமம் தரையில் கொட்டிவிட்டது.

கூடி நின்றவர்களுக்கு அது போதுமாக இருந்தது. "தாலியறுத்தவ கை பட்டதும் பாத்தியா?" என்று ஒருத்தி சொன்னது சண்முகத்தாயின் காதிலும் விழுந்தது. மறுவாரம் அவளை வேஸ்ட் ரூமுக்கு மாற்றினார்கள். கழிந்த பஞ்சைப் பொறுக்கித் தரம் பிரித்துச் சாக்கில் அடைக்கிற வேலை. சம்பளத்தில் கை வைக்கவில்லை. மேனேஜர் கூப்பிட்டு, "வயசாகுது, நின்னுகிட்டே வேலை பாக்க வேண்டாமேன்னு உங்க நல்லதுக்குத்தான்" என்றார். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுத கதைதான்.

வேஸ்ட் ரூமில் இரைச்சல் இல்லை. ஃபேன் சுற்றுகிற சத்தமும், பஞ்சு பொறுக்குகிற இரண்டு கிழவிகளின் மூக்குறிஞ்சலும் மட்டும்தான். பார்ப்பவர்களுக்குச் சொர்க்கம். சண்முகத்தாய்க்கு அந்த அமைதியில் மூச்சு முட்டியது. அரைச்சுவருக்கு அந்தப் பக்கம் ஏழாம் நம்பர் ஓடுகிற ஒலியை மற்ற மிஷின்களின் ஒலியிலிருந்து பிரித்துக் கேட்கப் பார்ப்பாள். சில நாள் கேட்கிற மாதிரி இருக்கும். ஏழையும் எட்டையும் சேர்த்து இப்போது ஈஸ்வரிதான் ஓட்டினாள். சாப்பாட்டு நேரத்தில் ஈஸ்வரி தூக்குவாளியை எடுத்துக்கொண்டு வேறு மூலைக்குப் போனாள். புருஷன் போன துக்கம் ஒரு பக்கம், மிஷின் போன துக்கம் ஒரு பக்கம், இந்தச் சிறுக்கி முகம் கொடுக்காத துக்கம் ஒரு பக்கம். எதை முதலில் அழுவது என்று தெரியாமல் பஞ்சைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள்.

மதுரையில் நர்ஸாக இருக்கிற மகள் யுவராணிதான் போனில் கத்தினாள். அவளுக்கும் அம்மா குரல். "கேஸ் போடும்மா. புருசன் செத்தா வேலையும் சாகணுமோ?"

சொந்தக்காரர்கள், "மில்லுக்காரனோட மல்லுக்கு நின்னா உள்ளதும் போச்சுடா நொள்ளக்கண்ணாங்கிற கதையா ஆயிரும்" என்றார்கள். சண்முகத்தாய் ஒரு லீவு நாளில் பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூர் போனாள். கோர்ட்டுக்கு எதிரே, ஜெராக்ஸ் கடை மாடியில் வக்கீல் அனுசியாவின் ஆபீஸ். தொழிற்சங்க வழக்குகளைப் பார்க்கிறவர். சண்முகத்தாய் எல்லாவற்றையும் சொல்லி முடித்தபோது, கீழே ஜெராக்ஸ் எடுக்க நின்றவர்களுக்கும் வழக்கு விவரம் தெரிந்துவிட்டது.

"இதுக்குப் பேரு பாரபட்சம்மா" என்றார் அனுசியா. "கணவர் இறந்துட்டாருங்கிற காரணத்துக்காக ஒரு பெண்ணோட வேலைய மாத்தறது தப்பு. சங்கத்தையும் சேத்துக்கிட்டு லேபர் ஆபீசர்கிட்ட மனுப் போடுவோம். ரெண்டு தரப்பையும் கூப்பிட்டுப் பேசுவார். அங்க முடியலைன்னா கோர்ட்டுக்குப் போவோம். உங்களுக்கு என்ன வேணும், அதச் சொல்லுங்க."

"ஏழாம் நம்பர் வேணும். அதுக்கு நாந்தான் பொட்டு வைக்கணும்."

அனுசியா பேனாவை வைத்துவிட்டு அவளைப் பார்த்தார். "மிஷினச் சட்டத்தால வாங்கித் தரலாம். தட்ட ஒருத்தர் உங்க கையில குடுக்கணும்னு எந்தச் சட்டத்துலயும் எழுத முடியாதும்மா."

"பொட்டு வைக்காம மிஷின் எப்பிடிம்மா என்னோடதாவும்?"

"அதுக்கு எங்கிட்ட பதில் இல்ல" என்றார் அனுசியா. தெரியாததைத் தெரியாது என்று சொன்ன அந்த வக்கீலைச் சண்முகத்தாய்க்கு அந்த நிமிஷமே பிடித்துப்போயிற்று.

அதன் பிறகு அலைச்சல். லேபர் ஆபீசர் மாதம் ஒரு நாள் ஸ்ரீவில்லிபுத்தூரில் வந்து உட்காருவார். ஒரு மாதம் அவர் வரவில்லை. அடுத்த மாதம் மில் தரப்பு வரவில்லை. அதற்கடுத்த மாதம் எல்லாரும் வந்தார்கள், கரண்ட் வரவில்லை. சண்முகத்தாய் சம்பளத்தை விட்டு லீவு போட்டுப் போய்விட்டு, கோபுரத்தைப் பஸ்ஸில் இருந்தே கும்பிட்டுவிட்டுத் திரும்பி வருவாள். ஜன்னலோர சீட்டு கிடைத்தால் மேற்கே மலையைப் பார்த்துக்கொண்டே வருவாள். அந்த மலைத் தொடரில்தான் எங்கேயோ அந்தப் படிகள் இருந்தன. 'செருப்பு போனாப் போவுதுன்னு வந்திருக்கக் கூடாதா?' என்று மனசுக்குள் அவரைத் திட்டுவாள். திட்டும்போதுகூடப் பேர் சொல்ல வராது.

கடைசியில் பேச்சுவார்த்தை தொடங்கியபோது மில் தரப்பு சொன்ன பதிலைக் கேட்டு அனுசியாவே ஒரு கணம் தடுமாறிப் போனார். மேனேஜர் நிதானமாகச் சொன்னார்: "அந்த அம்மா தானாவே விட்டுக் குடுத்தாங்க சார். எங்க மில்லுல யார் பொட்டு வைக்கறாங்களோ அவங்களுக்குத்தான் மிஷின். இது தொழிலாளிங்களே வச்சிருக்கிற வழக்கம். போன தடவைக்கு முந்தின பூசையில, 'நான் வைக்கல, ஈஸ்வரி வைக்கட்டும்'னு இந்த அம்மாதான் ஒதுங்கினாங்க. நாங்க ஒதுக்கல. வேணும்னா அவங்களையே கேளுங்க."

ஆபீசர் விக்னேஷ்வரன் இளவயதுக்காரர். சண்முகத்தாயைப் பார்த்தார். "நீங்களா ஒதுங்கினீங்களா?"

அனுசியா அவள் காலை மெதுவாக மிதித்தார். சண்முகத்தாய்க்குப் பொய் சொல்லத் தெரியாது என்பதில்லை. சிவபாண்டிக்காக ஒதுங்கி நின்ற அந்த ஒரு நாளை இல்லை என்று சொல்ல அவளால் முடியவில்லை.

"ஆமா சார். நானாத்தான் ஒதுங்குனேன்."

சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதுதான் நடந்தது. மேனேஜர் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார்.

"ஆனா அது எந் துட்டி சார்" என்றாள் சண்முகத்தாய். அறையின் கண்ணாடி அதிர்ந்தது. "ஒரு வருசத்துக்கு நான் எடுத்துக்கிட்ட துட்டி. அத எம்புட்டு நாளைக்கு நீட்டணும்னு இவுக யாரு சொல்ல?"

மேனேஜர் அப்போதும் விடவில்லை. புது யூனிட்டில் ஒரு வேலை தருகிறோம் என்றார். ஏசி அறை. உட்கார்ந்துகொண்டே நூலின் தரம் பார்க்கிற வேலை. சம்பளமும் கூடுதல். கரும்பு தின்னக் கூலியா என்கிற மாதிரி ஆபீசரே அவளை ஆவலாகப் பார்த்தார். "நல்ல வேலைம்மா. அதே மிஷின்தான் வேணும்னு ஏன் நிக்கறீங்க?"

சண்முகத்தாய் மேஜை மேல் இருந்த தன் மனுவைப் பார்த்தாள். சிவபாண்டி குனிந்து நின்ற இடம் அது என்று எப்படிச் சொல்வது? அவர் கை படாத ஒரு போல்ட்டு அதில் கிடையாது என்று சொன்னால் இந்தப் பிள்ளைக்குப் புரியுமா? அவர் பேரைக் கத்திச் சொல்ல எனக்கு வேறு இடம் இல்லை என்று எந்த மனுவில் எழுதுவது? அவளுக்கு அவர் வேண்டும். அவர் கிடைக்க மாட்டார். அவருக்கு அடுத்தபடியாக இருப்பது அந்த மிஷின்தான்.

"எனக்கு அதுதான் வேணும் சார்" என்றாள். மில்லுக்கு வெளியே முதல் தடவையாக அவள் பேசியது பக்கத்தில் இருந்தவர்களுக்குச் சரியாகக் கேட்கவில்லை.

அடுத்த மாதம் ஈஸ்வரியை மில் தரப்பே அழைத்து வந்தது. சண்முகத்தாய் தானாகத்தான் விலகினாள் என்று அவள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஈஸ்வரி மேஜைக்கு அந்தப் பக்கம், தங்கப்பாண்டியனுக்கும் மேனேஜருக்கும் நடுவில் தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தாள். இளைத்துப் போயிருந்தாள்.

"ரெண்டாவது வருஷம் இந்த அம்மா பொட்டு வைக்கக் கூடாதுன்னு யாராவது சொன்னாங்களா? நாலு பேர் பேசிக்கிட்டதா சூப்பர்வைசர் சொல்றாரு. யார் அந்த நாலு பேர்?" என்று கேட்டார் ஆபீசர்.

மடியில் இருந்த ஈஸ்வரியின் கை மேஜை விளிம்புக்கு வந்தது. சுண்டுவிரல் மட்டும் மெல்ல எழுந்தது. அவளுக்கே தெரியாமல் எழுந்த விரல் அது. அறையில் இருந்த யாருக்கும் அதற்கு அர்த்தம் தெரியாது, ஒருத்தியைத் தவிர. இழை அறுந்துபோச்சு, வந்து பிடி.

சண்முகத்தாய் இத்தனை மாதமாக இந்த விரலுக்காகத்தானே ஏங்கினாள். "சொல்லுட்டி" என்றாள். "எதுன்னாலும் சொல்லு. நான் இங்கனதான் இருக்கேன்."

"நாலு பேரு இல்ல சார்" என்றாள் ஈஸ்வரி. "நான் ஒருத்திதான்."

தங்கப்பாண்டியன் அவள் பக்கம் திரும்பினார். அவள் நிறுத்தவில்லை.

"எங்க வீட்டுக்காரக எல்லையில இருந்தாக. ரெண்டு வாரமா போன் வரல. அக்கா பொட்டு வச்ச மிஷினுக்குப் பக்கத்துல நாள் பூரா நிக்கணுமேன்னு பயமா இருந்துச்சு. அக்காவுக்கு வந்தது எனக்கும் வந்துருமோன்னு. நாந்தான் சூப்பர்வைசர் சார்கிட்ட போயி, இந்த வருசமும் நானே வச்சுருதேன்னு சொன்னேன். மிஷினப் புடுங்குவாகன்னு நெனைக்கல. அக்கா ஒதுங்கல சார். அக்கா கைய நீட்டுனாக. நான் பாத்துக்கிட்டு நின்னேன்."

கிணறு வெட்டப் பூதம் கிளம்பியதைப் போல மேனேஜர் விழித்தார். ஆபீசர் அவள் சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டார். பிறகு மேனேஜரிடம், "ஒருத்தர் பயந்துட்டாங்கன்னா ஆறுதல் சொல்லலாம். அதுக்காக இன்னொருத்தர் வேலையப் பறிக்கலாமா சார்? இது கோர்ட்டுக்குப் போனா என்ன ஆகும்னு நீங்களே உங்க வக்கீலைக் கேட்டுக்கோங்க" என்றார். வெளியே போய்ப் போன் பேசிவிட்டு வந்த மேனேஜர் ஒப்பந்தத்துக்குச் சம்மதித்தார். சண்முகத்தாய்க்கு அதே வேலை, அதே மிஷின். திருமணம், விதவை நிலை என்று எந்தக் காரணத்துக்காகவும் இனி யாரையும் இடம் மாற்றக் கூடாது. இரண்டு தரப்பும் கையெழுத்துப் போட்டார்கள்.

ஜெயித்தாயிற்று. அனுசியா டீ வாங்கிக் கொடுத்தார். சண்முகத்தாய்க்கு டீ இறங்கவில்லை. திரும்பி வந்த பஸ்ஸில் ஈஸ்வரியும் இருந்தாள், முன் சீட்டில், முதுகைக் காட்டிக்கொண்டு. எழுந்துபோய்ப் பக்கத்தில் உட்கார வேண்டும் என்று சண்முகத்தாய்க்கு மனசு அடித்துக்கொண்டது. 'என்னைப் பாத்தா பயந்த?' என்று கன்னத்தில் ஒன்று வைக்கவும் ஆசையாக இருந்தது. இரண்டையும் செய்யாமல் ராஜபாளையம் வரைக்கும் வந்துவிட்டாள்.

ஏழாம் நம்பருக்குத் திரும்பிய அன்று இரைச்சல் அவளை மொத்தமாக விழுங்கிக்கொண்டது. ஒரு கதிரைத் தொட்டுப் பார்த்தாள். கை மறக்கவில்லை. எட்டாம் நம்பரில் ஈஸ்வரி நின்றாள். ஒரு சைகையும் வரவில்லை. இவளும் செய்யவில்லை. பேரைச் சொல்லிக் கத்தவும் வாய் வரவில்லை. மிஷின் இன்னும் தன்னுடையது ஆகவில்லை என்றே அவளுக்குப் பட்டது. பழைய பொட்டு, ஈஸ்வரி வைத்தது, மங்கிப்போய் மிஷினின் தலைப்பக்கத்தில் இருந்தது.

மூன்றாம் ஆயுத பூசை வந்தது. கேட்டில் வாட்ச்மேன் பால்ச்சாமி சாப்பாட்டுப் பையைச் சோதித்தார். தூக்குவாளிக்கு அடியில் துணியில் சுற்றிய ஸ்பேனர் இருந்தது. வெளிச்சாமான் எதுவும் உள்ளே போகக் கூடாது என்பது சட்டம். துணியைப் பிரித்துப் பார்த்தவர், "இது சிவபாண்டியோடதுல்லா?" என்றார். அவள் தலையை அசைத்தாள். அவர் அதை மறுபடி சுற்றிப் பைக்குள் வைத்தார். "போ ஆத்தா. நேரமாச்சு."

மிஷின்களை நிறுத்தியாயிற்று. தங்கப்பாண்டியன் ஒப்பந்தத்துக்குப் பயந்து தூரத்திலேயே நின்றுகொண்டார். தட்டு ஒவ்வொரு மிஷினாக வந்து எட்டாம் நம்பரில் ஈஸ்வரியின் கைக்கு வந்தது. தன் மிஷினுக்கு வைத்துவிட்டு, தட்டோடு ஏழாம் நம்பருக்கு வந்தாள். எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஈஸ்வரி தட்டைச் சண்முகத்தாயின் கையில் கொடுக்கவில்லை. மிஷினுக்கு முன்னால் இருந்த பலகையில் வைத்துவிட்டு ஓரடி பின்னால் நகர்ந்தாள்.

"எனக்கு இன்னும் பயம் போகலக்கா" என்றாள். "வச்சுட்டேன். எடுத்துக்கிடுங்க."

வக்கீல் சொன்னது சண்முகத்தாய்க்கு ஞாபகம் வந்தது. எந்தச் சட்டத்திலும் எழுத முடியாத தட்டு பாதித் தூரம் வந்திருந்தது. மீதித் தூரத்துக்கு அவளே கையை நீட்டினாள். சந்தனத்தைக் குழைத்து மிஷினின் தலைப்பக்கத்தில் வைத்தாள். அதன் மேல் குங்குமம். ஒன்றும் சாயவில்லை, கொட்டவில்லை. விரலில் கொஞ்சம் மிச்சம் இருந்தது.

பையிலிருந்து ஸ்பேனரை எடுத்தபோது யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். நீட்டுவதற்கு ஆள் இல்லாத ஸ்பேனர். ஒரு கையால் தானே நீட்டிப் பிடித்து, மறு கையால் தானே பொட்டு வைத்தாள். சூடத்தைப் பற்றவைக்கத் தீப்பெட்டியை எடுத்தாள், குச்சி பிடிக்கவில்லை. இன்னொன்று எடுத்தாள், அதுவும் பிடிக்கவில்லை.

"நான் பொருத்துதேன்க்கா."

ஈஸ்வரி பின்னால் போன ஓரடியைத் திரும்ப முன்னால் வந்திருந்தாள். தீப்பெட்டியை வாங்கினாள். சூடத்தை ஏற்றித் தட்டை எடுத்து, மிஷினுக்கு ஒரு சுற்று, ஸ்பேனருக்கு ஒரு சுற்று காட்டினாள். தட்டைச் சண்முகத்தாயின் பக்கம் நீட்டினாள். சண்முகத்தாய் சூடத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

பிறகு சுவிட்சைப் போட்டாள். ஏழு எடுத்தது, எட்டு எடுத்தது, வரிசை முழுக்க மிஷின்கள் ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டு, இரைச்சல் கூரை வரைக்கும் நிறைந்தது. இனி யாருக்கும் எதுவும் கேட்காது. சண்முகத்தாய் சிவபாண்டி எப்போதும் குனிந்து நிற்கிற இடத்தைப் பார்த்தாள். அங்கே தரை மட்டும்தான் இருந்தது. தொண்டை கிழியக் கத்தினாள்.

"ஏலேய் சிவபாண்டி!"

யாரும் திரும்பவில்லை. என்ன என்று கேட்டு ஒரு கையும் அசையவில்லை. வழக்கில் கேட்டதெல்லாம் அவளுக்குக் கிடைத்துவிட்டது. மனுவில் கேட்காமல் விட்டது அவரை மட்டும்தான். அவள் மறுபடி கத்தினாள், மறுபடியும் கத்தினாள். எட்டாம் நம்பரிலிருந்து அவள் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்த ஈஸ்வரி, யாரும் சுண்டுவிரலைத் தூக்காமலே, தன் மிஷினை விட்டுவிட்டு ஓடி வந்தாள்.